பங்கு பிரிவது எப்போது?

தேனி மாவட்டத்தின் கம்பம் பள்ளத்தாக்கில் முல்லைப் பெரியாற்று நீரால் விளையும் வயல்களும் திராட்சைத் தோட்டங்களும் பங்காளிகளின் கூட்டுப் பட்டாவில் சிக்கி, பாகப்பிரிவினை வழக்குகள் ஆண்டுக்கணக்கில் நீள்வதற்கு, நீதிமன்றங்களின் பணிச்சுமையோடு அவ்வழக்குகளின் அமைப்பும் காரணமாகிறது. 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டப்படி, ஒவ்வொருவருக்கும் உரிய பங்கின் அளவை அறிவிக்கும் முதல்நிலைத் தீர்ப்பாணை முதலிலும், நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர் ஆணையர் நிலத்தை அளந்து தரும் அறிக்கையின் பேரில் எல்லை வகுக்கும் இறுதித் தீர்ப்பாணை பின்னரும் பிறப்பிக்கப்படுகின்றன. இடையில் மேல்முறையீடுகளும், இறந்தவரின் வாரிசுகளைச் சேர்க்கும் மனுக்களும் காலத்தை விழுங்குகின்றன. கூட்டுக்குடும்பச் சொத்தில் மகளுக்கும் பிறப்பாலேயே சமஉரிமை தந்த 2005-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைத் திருத்தச் சட்டத்தின் பயனும் இத்தாமதத்தால் ஏட்டளவில் நின்றுவிடுகிறது.

முதல்நிலைத் தீர்ப்பாணை வழங்கியதும், தனி மனுவுக்குக் காத்திராமல், விசாரணை நீதிமன்றமே இறுதித் தீர்ப்பாணைக்கான நடவடிக்கையைத் தொடர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022 ஜூனில் கேரள வழக்கொன்றில் பணித்தது. தேனி மாவட்ட நீதிமன்றங்கள் அப்பணிப்பை வழுவாது பின்பற்றவும், வருவாய்த் துறை நில அளவர்களை உரிய காலத்தில் அனுப்பவும், பங்காளிகள் சமரச மையத்தை முதலிலேயே நாடவும் வேண்டும்.