பணம் திரும்பினால் பழி தீருமா?



"வாங்கியவன் திருப்பித் தந்துவிட்டான், கொடுத்தவன் எண்ணி வாங்கிக்கொண்டான், இனி வழக்கெதற்கு, விசாரணை எதற்கு?" என்று கேட்கின்றனர் சிலர். ஏழைக்கு இரங்கும் உள்ளம் படைத்தோர் போலவே பேசுகின்றனர். அந்த இரக்கத்தைச் சற்றே உரசிப் பார்ப்போம், வாருங்கள்.

மோசடிக்கு நாடறிந்த எண் 420. அது 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 318-ஆம் பிரிவாயிற்று. (பெயரைச் சொல்லவே தமிழ் நா தடுமாறுகிறது, அது தனிக்கதை.) வழக்கை விசாரணைக்கு முன்பே ரத்துச் செய்யும் அதிகாரம் உயர்நீதிமன்றத்துக்கு உண்டு. பழைய நடைமுறைச் சட்டத்தில் 482-ஆம் பிரிவு, புதியதில் 528. எண்தான் மாறிற்று.

அந்த அதிகாரமே தீதென்று நாம் கூறவில்லை. கடன் வாங்கிய சிறு வணிகன் தவணை தவறினால், அவன்மீது மோசடிப் புகார் எழுதிக் காவல்நிலையத்துக்கு இழுக்கும் கொடுமை நாள்தோறும் நடக்கிறது. தொடக்கத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்தால்தான் மோசடி. பின்னர் வாக்குத் தவறியது மட்டும் மோசடியாகாது. அத்தகையவனைக் காக்கப் பிறந்தது இந்த அதிகாரம். ஆனால், அந்தக் குடையின் கீழ் யார் யார் வந்து ஒதுங்குகின்றனர்?

2014 நவம்பரில் தமிழகப் போக்குவரத்துக் கழகங்கள் ஓட்டுநர், நடத்துநர், பொறியாளர் பணிகளுக்கு விளம்பரம் செய்தன. வேலைக்கென்று பணம் வாங்கினர், அன்றைய அமைச்சருக்கும் அதில் தொடர்புண்டு என்பது குற்றச்சாட்டு. மெய்யா, பொய்யா? அதை ஆராய்வது விசாரணை நீதிமன்றத்தின் கடமை. ஆனால் 2021-இல், புகார் கொடுத்தவரும் பணம் இழந்தவர்களும், "இது பணத் தகராறு, பேசித் தீர்த்துக்கொண்டோம்" என்று பிரமாணப் பத்திரம் கொடுத்தனர். ஜூலை 30 அன்று சென்னை உயர்நீதிமன்றம் ஒரு வழக்கை ரத்துச் செய்தது. சாட்சி கூண்டேறவில்லை; குறுக்கு விசாரணை இல்லை; கதை முடிந்தது!

முடியவில்லை. விண்ணப்பித்து வேலை கிட்டாத ஒருவர் உச்சநீதிமன்றம் சென்றார். "உனக்கும் இந்த வழக்குக்கும் என்ன தொடர்பு?" என்ற ஆட்சேபம் எழுந்தது. எத்தகைய கேள்வி, பாருங்கள்! பேரம் பேசியவர்களுக்குத் தொடர்புண்டாம். பேரத்தால் வாழ்விழந்தவனுக்குத் தொடர்பில்லையாம்!

2022 செப்டம்பர் 8 அன்று உச்சநீதிமன்றம் அந்த ரத்தை நீக்கியது. அது காட்டிய காரணத்தை ஒவ்வொரு கிளையிலும் எடுத்துரையுங்கள். பணம் கொடுத்தோர் இருவகையினர்: கொடுத்து வேலை பெற்றோர் ஒருசாரார், கொடுத்தும் பெறாதோர் மறுசாரார். பெறாதோர் பணத்தைத் திரும்பப் பெற்றுச் சமரசம் செய்துகொள்ள அனுமதித்தால், பெற்றோரின் நியமனத்துக்கு ஒப்புதல் முத்திரை குத்தியதாகும். இவ்விருவருக்கும் அப்பால், தகுதியிருந்தும் காசில்லாமையால் வீட்டில் முடங்கிய பிள்ளை இருக்கிறானே, அவன் எந்தச் சமரசப் பத்திரத்தில் கையெழுத்திட்டான்? அவனுக்கு யார் எதைத் திருப்பித் தந்தார்?

இதை உங்களிடம் கூறுவதற்குக் காரணம் உண்டு. இப்படிப்பட்ட சமரசங்கள் உயர்நீதிமன்றத்தில் பிறப்பதில்லை. ஊர்த் தேநீர்க்கடையில், தெரிந்தவர் வீட்டுத் திண்ணையில் பிறக்கின்றன. "நீங்கள் சொன்னால் அவர் கேட்பார், ஒரு கையொப்பம் வாங்கித் தாருங்கள்" என்று நாளை உங்களையே அணுகுவர். எக்கட்சிக்காரர் அணுகினாலும், நம்மவரே அணுகினாலும், மறுத்துவிடுங்கள். இரு தனியாரின் கொடுக்கல் வாங்கலெனில், நீதிமன்ற அனுமதியோடு மோசடி வழக்கில் இணங்கிப்போகச் சட்டமே வழி வைத்திருக்கிறது. அரசு வேலையை விலைபேசிய வழக்கு அத்தகையதன்று.

பணம் இழந்தவர் சாட்சி சொல்ல அஞ்சினால், அவரை ஏசாதீர்கள். அழைப்பாணை வரும் நாளில் அவரோடு நீதிமன்றம் வரை செல்லுங்கள். தனியே வருபவரைத்தான் தரகர்கள் வாயிலிலேயே மடக்குகின்றனர்.