நகரம் எல்லை கடக்கிறது

1939-ஆம் ஆண்டு நியூயார்க் உலகக் கண்காட்சியில் 'தி சிட்டி' என்னும் விவரணப் படம் திரையிடப்பட்டது. ரால்ப் ஸ்டெய்னர், வில்லார்ட் வான் டைக் ஆகிய இருவரும் இயக்கிய இப்படத்துக்கு விளக்கவுரை வரைந்தவர் நகரியல் அறிஞர் லூயிஸ் மம்ஃபோர்டு. முக்கால் மணி நேரத்துக்குள் முடியும் இப்படத்தில் வலியசாலைவாசிகளாகிய நாம் சிந்திக்க வேண்டியது நிரம்ப உண்டு.

ஊர்க்கூட்டத்தில் யாவரும் கலந்து பேசும் பழைய சிற்றூர் முதலில் வருகிறது. அடுத்து ஆலைப் புகையில் கறுத்த தொழிலாளர் குடியிருப்பு. பின்னர் நெரிசல் மிக்க நியூயார்க் வீதிகள். ஞாயிற்றுக்கிழமை காற்று வாங்கப் புறப்பட்ட மோட்டார் வண்டிகள் நடுவழியில் அடைபட்டு நிற்பது கண்டு சிரிப்பும் இரக்கமும் ஒருங்கே எழுகின்றன. இறுதியில், வாஷிங்டனுக்குப் புறத்தே 1937-இல் மக்கள் குடியேறிய கிரீன்பெல்ட் என்னும் புத்தூர். பள்ளியும் கடையும் விளையாட்டிடமும் அங்கே நடை தூரத்தில்; சிறுவர் அச்சமின்றிச் செல்லச் சாலைக்கடியில் நடைவழி.

அவ்வூரில் தொடக்கத்தில் வெள்ளையருக்கே வீடு தரப்பட்டது என்பதைப் படம் சொல்லவில்லை. நம் அக்கிரகாரங்களும் முன்னாளில் எல்லோரையும் ஏற்றவை அல்ல என்பதை இவ்விடத்தில் நினைத்தல் நன்று.

நம் நகரின் கதை யாது? 1931-இல் இரயில் தம்பானூர் வந்தது. 1940-இல் மாநகராட்சி அமைந்தது. 1990-இல் கழக்கூட்டம் பக்கம் டெக்னோபார்க் தோன்றியது. 2010-இல் கழக்கூட்டம், ஸ்ரீகாரியம், வட்டியூர்க்காவு, குடப்பனக்குன்னு, விழிஞ்ஞம் ஆகிய ஐந்து பஞ்சாயத்துகள் மாநகருடன் இணைந்தன. நகரம் போன திசையில் நம் பிள்ளைகளும் போகின்றனர். கிள்ளியாற்றங்கரைத் தெருக்களில் முதியோர் தனித்திருக்கின்றனர்.

பிள்ளைகள் போவதைக் குறை கூறோம். இரயில்வேயில் சீசன் டிக்கெட் வழங்கும் நாம், விடியுமுன் புறப்பட்டு இருட்டிய பின் வீடு திரும்புவோரை நாள்தோறும் காண்கிறோம். வேலைக்கருகே வீடு தேடுவது நியாயமே. ஆயினும் முன்பணம் கொடுக்குமுன் ஒன்று செய்க: வயதான தாயாரை உடன் அழைத்துச் சென்று, கடைக்கும் மருத்துவரிடத்துக்கும் அவர் நடந்து போய்வர இயலுமா என்று பாருங்கள். இயலாதெனில் அவ்வீட்டில் அவர் விருந்தாளியாகவே இருப்பார். ஒரு மாதத்தில் வலியசாலைக்குத் திரும்பிவிடுவார்.

சங்கத்துக்கும் ஒரு வேண்டுகோள். மாதக் கூட்டத்தை முறை வைத்துப் புறநகரிலும் நடத்துவோம். தமிழ்ப் புத்தகப் பெட்டி ஒன்றும் உடன் செல்லட்டும். அங்கே வளரும் குழந்தைகள் நம்மைத் தேடி வரும்வரை காத்திருத்தல் தகாது.