அன்பும் ஆய்வும்

அன்பு கண்ணை மறைக்கும் என்பார்கள். அது வாயையும் அடைக்கும் என்பதை மட்டாஞ்சேரியில் என் வீட்டிலேயே கண்டேன்.

பிழைப்புத் தேடி நெல்லைச் சீமையிலிருந்து வந்த குடும்பம் எங்களுடையது. என் அன்னையார் இங்கே ஒரு சுக்குக் கிடங்கில் புடைத்துப் பொறுக்கும் வேலை செய்கிறார். பகலில் மூக்கில் ஏறும் தூசு, இரவில் இருமலாக வெளிவரும். எம்.எஸ்ஸி. வேதியியல் படிக்கும் மகன் அதைக் கேட்டுக்கொண்டு உறங்க முடியுமா? சென்ற விடுமுறையில், கெட்டித் துணியை மூன்றாக மடித்து முகமூடி ஒன்று தைத்தேன். அம்மா அணிந்து பார்த்தார். "நல்லாருக்குய்யா" என்றார். நம்பினேன்.

ஒரு மாதம் கழித்துக் கிடங்கிற்குச் சோறு கொண்டுபோனேன். முகமூடி ஆணியில் தொங்கியது, அழுக்குப் படாமல்! அம்மாவோ முந்தானையால் மூக்கைக் கட்டியிருந்தார். "மூச்சு முட்டுதுய்யா. ராவெல்லாம் முழிச்சுத் தைச்சே. எப்படிச் சொல்லுவேன்?" என்றார.

நண்பர்களே! மகன் மனம் நோகக்கூடாது என்று மறைத்தது தாயன்பு. அதைக் குறை கூற எனக்கு வாயில்லை. ஆனால் அந்தப் பாராட்டில் நான் மயங்கிக் கிடந்த ஒரு மாதமும் தூசு யார் நெஞ்சில் படிந்தது?

கோவை முருகானந்தத்தை எண்ணிப் பாருங்கள். மனைவி சாந்தி மாதவிலக்கிற்குக் கந்தல் துணியைப் பயன்படுத்துவதை 1998இல் கண்டார். கடையில் நாப்கின் வாங்கினால் பால் செலவில் துண்டு விழும் குடும்பம். பஞ்சைக் கொண்டு தாமே ஒன்று செய்து கொடுத்தார். அது பயன்படவில்லை, சாந்தி கந்தலுக்கே திரும்பினார். அந்த மறுப்பே அவருக்கு ஆசானாயிற்று. ஆட்டு இரத்தம் நிரப்பிய பந்துப் பையைத் தம் உடலில் கட்டிச் சோதித்தார். வெறும் பஞ்சு போதாது, மரக்கூழ் நார் வேண்டும் என்று கண்டறிய ஆண்டுகள் பிடித்தன. மலிவான எந்திரம் பிறந்தது. 2006இல் சென்னை ஐ.ஐ.டி.யில் பரிசு, 2016இல் பத்மஸ்ரீ.

ஆனால், இடையில் நடந்தது என்ன? ஊர் தூற்றியது. மனைவி பிரிந்தார், தாயும் வீட்டை விட்டுச் சென்றார். யாருக்காக ஆய்வு தொடங்கியதோ, அவரே அதைத் தாங்க முடியாமல் போனார்! சாந்தி திரும்பி வரப் பல ஆண்டுகள் ஆயின.

வீட்டன்புக்கு உண்மை பேசும் துணிவு வேண்டும். ஆய்வுக்கு வீட்டாரின் நாணத்தையும் அச்சத்தையும் மதிக்கும் பொறுமை வேண்டும். ஒன்றில்லாமல் மற்றொன்று பாதி அன்புதான்.

ஆய்வுக்கூடத்தில் நாளை நாம் செய்யும் பொருளும் ஏதோ ஒரு தாயின் கைக்கே போகப்போகிறது. அவரிடம் எப்படிக் கேட்கப்போகிறோம்?

இப்போது இரண்டாவது முகமூடி தைக்கிறேன். "நல்லாருக்கா?" என்று கேட்பதை விட்டுவிட்டேன். "எங்கே இறுக்குது, அம்மா?" என்று கேட்கிறேன். தயங்காமல் சொல்கிறார்.