முடித்துவைக்கவும் வழி வேண்டும்

தொழிலாளியின் வேலைநிறுத்த உரிமை முக்கியமா, ஆலை தடையின்றி ஓடுவது முக்கியமா என்று பட்டிமன்றம் நடத்துவோர் உண்டு. இரண்டில் ஒன்றுதான் இருக்க முடியும் என்பது தவறான எண்ணம். வேலை செய்ய மறுக்கும் உரிமை இல்லாத தொழிலாளியின் குறையை நிர்வாகம் காதில் போட்டுக்கொள்ளாது. ஓடாத ஆலையிலிருந்து சம்பளமும் வராது. இரண்டையும் காப்பாற்றுவது எப்படி என்பதே கேள்வி.

இதற்கு மும்பையைவிடக் கசப்பான பாடம் வேறில்லை. 1982 ஜனவரி 18ந் தேதி, டாக்டர் தத்தா சாமந்த் தலைமையில் சுமார் இரண்டரை லட்சம் பஞ்சாலைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். ஊதிய உயர்வு, பத்லி தொழிலாளர்களை நிரந்தரமாக்குதல் முதலிய கோரிக்கைகள் நியாயமற்றவை என்று சொல்வதற்கில்லை. ஆனால், 1946ம் ஆண்டின் பம்பாய்த் தொழிலுறவுச் சட்டப்படி பேச்சு நடத்தும் உரிமை ராஷ்ட்ரீய மில் மஜ்தூர் சங்கத்துக்கே இருந்தது. தொழிலாளர் நின்றதோ சாமந்தின் பின்னால். சட்டம் ஏற்ற சங்கத்திடம் தொழிலாளர் இல்லை. தொழிலாளர் ஏற்ற தலைவருக்குச் சட்டத்தில் இடமில்லை. தொடங்கிய போராட்டத்தை முடித்துவைக்க வழியே இல்லாமல் போயிற்று.

விளைவு என்ன? ஓராண்டுக்கு மேல் நீடித்த அந்த வேலைநிறுத்தம் முறைப்படி வாபஸ் பெறப்படவே இல்லை. 1983ல் 13 ஆலைகளின் நிர்வாகத்தை மத்திய அரசு எடுத்துக்கொண்டது. பல்லாயிரக்கணக்கானோருக்கு மீண்டும் வேலை கிடைக்கவில்லை. பழைய இயந்திரங்கள், பிவண்டி விசைத்தறிகளின் போட்டி ஆகியவையும் ஆலைகளின் நலிவுக்குக் காரணம் என்பதை மறுப்பதற்கில்லை. பின்னாளில் பரேல் பகுதியின் ஆலை நிலங்களில் அங்காடிகளும் அடுக்குமாடிகளும் எழுந்தன. நிலம் உடையவர்கள் நஷ்டப்படவில்லை, உழைத்தவர்களே நஷ்டப்பட்டனர்.

கொங்கணத்தில் காணி நிலம் வைத்திருந்தோர் அன்று ஊருக்குப் போய்ப் பயிர் செய்து சில மாதங்கள் தாக்குப்பிடித்தனர். திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்து தாராவியில் வாடகை கொடுத்து வாழும் தொழிலாளிக்கு அந்த வசதி ஏது? மாதம் பிறந்தால் மணியார்டரை எதிர்பார்த்திருந்த குடும்பங்கள் எத்தனை! வேலைநிறுத்தத்தின் நாட்களைத் தலைவர்கள் மேடையில் எண்ணுகிறார்கள். தொழிலாளியின் மனைவி அரிசிப் பானையில் எண்ணுகிறாள்.

2025 நவம்பர் 21 முதல் புதிய தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு நடைமுறைக்கு வந்திருக்கிறது. 51 சதவீதத் தொழிலாளரின் ஆதரவு பெற்ற சங்கமே பேச்சு நடத்தும் சங்கம் என்பது வரவேற்கத்தக்கது. ஆனால் எல்லாத் தொழில்களிலும் வேலைநிறுத்தத்துக்கு 14 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும். சமரசப் பேச்சு நடக்கும்போது வேலைநிறுத்தம் கூடாது. பாதிக்கு மேற்பட்டோர் ஒரே நாளில் தற்செயல் விடுப்பு எடுத்தாலும் அது வேலைநிறுத்தமே. மறுபுறம், அரசின் அனுமதியின்றி ஆலையை மூடக்கூடிய வரம்பு 100 தொழிலாளரிலிருந்து 300 ஆக உயர்ந்துவிட்டது. நிறுத்துவதற்குக் கட்டு, மூடுவதற்குத் தளர்வு என்றால் தராசு ஒரு பக்கம் சாய்கிறது என்றே பொருள்.

தராசை நேராக்கும் பொறுப்பு மூவருக்கும் உண்டு. எந்தச் சங்கம் தங்கள் சங்கம் என்பதைத் தொழிலாளர் ரகசிய வாக்கெடுப்பில் தீர்மானிக்க அரசு வழி செய்ய வேண்டும். சமரசப் பேச்சை இழுத்தடித்து வேலைநிறுத்தத்தைச் செல்லாததாக்கும் தந்திரத்துக்கு அரசு இடம் தரலாகாது. நிர்வாகம் நஷ்டம் என்று சொன்னால் கணக்கைத் திறந்து காட்ட வேண்டும். சங்கங்களோ, வேலைநிறுத்தத்துக்கு முன் உறுப்பினரின் வாக்கைக் கேட்பதும், பாய்லர், உலை, தீயணைப்பு ஆகியவற்றைக் கவனிக்க ஆட்களை உள்ளே விட்டுவைப்பதும் வழக்கமாக வேண்டும். திரும்பிப் போக வேண்டிய இடம் அதே ஆலைதான் அல்லவா?

போராட்டத்தைத் தொடங்கும் துணிவு தொழிலாளரிடம் என்றும் குறைந்ததில்லை. அதை மரியாதையுடன் முடித்துவைக்கும் வழியையும் தொடங்கும் முன்பே வகுத்துக்கொள்வதுதான், 1982 கற்றுத்தந்த பாடத்துக்குச் செய்யும் நியாயம்.