மாலை மாற்றிய மறுநாள்

மாற்றாந்தாய் என்றதும் நம் மனதில் எழும் முகத்தைச் சினிமா ஒரே நாளில் வரைந்துவிடவில்லை. புட்டண்ண கணகால் 1969இல் கன்னடத்தில் எடுத்த 'மல்லம்மன பவாட', பி. புட்டசாமய்யாவின் 'அர்த்தாங்கி' நாவலைக் கொண்டது. சொத்துக்காக மூத்தாள் மகனைப் படிக்கவிடாமல் தலையாட்டிப் பொம்மையாக வளர்க்கும் சின்னம்மா. அவளை எதிர்த்து நிற்கும் மருமகள். அதுவே 1987இல் பாக்யராஜின் 'எங்க சின்ன ராசா', 1992இல் இந்தியில் 'பேட்டா'. மறு வருஷம் ரவிச்சந்திரனின் 'அண்ணய்யா'வாகக் கன்னடத்துக்கே திரும்பிவந்தது. கன்னடமும் தமிழும் ஒரே சந்தில் புழங்கும் எங்கள் பெங்களூரு பொம்மனஹள்ளியில், இரண்டு மொழிக்காரர்களும் இந்தச் சின்னம்மாவைச் சேர்ந்தே சபித்திருக்கிறோம்.

அதற்கு முன்பே 1966இல் கே.எஸ். கோபாலகிருஷ்ணன் 'சித்தி' எடுத்தார். பிள்ளைகள் நிறைந்த வீட்டுக்கு இரண்டாம் தாரமாக வரும் பத்மினிதான் அதில் நாயகி. பெரிய காரியம். ஆனால் அவளும் தியாகத்தால்தான் நல்ல பெயர் எடுக்க வேண்டியிருந்தது. ராட்சசி, இல்லாவிட்டால் தெய்வம். பிள்ளைமேல் எரிந்து விழுந்துவிட்டு இரவில் வருந்தும் சாதாரணச் சித்தியைத் தமிழ்ப்படம் சரியாகப் பார்த்ததே இல்லை என்பது எங்கள் ஆதங்கம்.

ஆண்களுக்கு இந்த வழக்கு இல்லை. கௌதம் மேனனின் 'வேட்டையாடு விளையாடு' (2006), 'என்னை அறிந்தால்' (2015) இரண்டிலும் குழந்தையோடு இருக்கும் பெண்ணை விரும்புகிறவன் அதனாலேயே உயர்ந்துவிடுகிறான். முதல் படம் கல்யாணத்தோடு முடிகிறது. இரண்டாவதில் கல்யாணத்துக்கு முன்பே நாயகி ஹேமானிகா கொல்லப்படுகிறாள். நாயகன் சத்யதேவும் அவள் மகள் ஈஷாவும் மட்டும் மிஞ்சுகிறார்கள். அந்த அன்பு அழகானதுதான். ஆனால் அம்மா உயிரோடு இருக்க, புதிதாக வந்தவர் பிள்ளையைக் கண்டிக்கலாமா, அப்போது அவள் யார் பக்கம் பேசுவாள் என்ற சிக்கலே அங்கே எழவில்லை.

இயக்குநர் வஸந்த் இதில் கொஞ்சம் கூடுதல் தூரம் நடந்தவர். 'கேளடி கண்மணி'யில் (1990) மகளின் பிடிவாதத்தால் அப்பாவின் மறுமணம் நின்றுபோகிறது. பத்து வருஷம் கழித்து 'ரிதம்' எடுத்தார்: துணையை ரயில் விபத்தில் இழந்த இருவர், நடுவே அவள் தத்தெடுத்து வளர்க்கும் பையன். எவரையும் வில்லனாக்காமல் தயக்கங்களை மட்டுமே வைத்துக் கதை நகர்கிறது. அதுவும் அவர்கள் சேர்ந்ததோடு முடிந்துவிடுகிறது.

மறுநாள் காலையிலிருந்துதானே குடும்பம்! எங்கள் தெருவில் கார்மெண்ட்ஸ் வேலைக்குப் போகும் ஒரு அம்மாவுக்கு முதல் கல்யாணத்தில் ஒரு மகள். அவர் இப்போது கட்டியிருக்கும் ஆட்டோக்காரருக்கு இரண்டு பையன்கள். அந்தப் பெண் அவரை இன்னும் "மாமா" என்றுதான் கூப்பிடுகிறாள். அந்த ஆட்டோக்காரர் அவளுடைய மார்க் கார்டு வாங்கப் போனபோது டீச்சர், "நீவு ஏனாகபேக்கு?" (நீங்கள் என்ன உறவு?) என்று கேட்டிருக்கிறார். "நம்ம மகளு" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தார். வீட்டுக்கு வந்ததும் அந்தப் பெண் தன் அம்மாவிடம் கேட்டது: "மாமா எதுக்கு என் அப்பா பேருக்குப் பக்கத்துல கையெழுத்துப் போட்டாரு?" கோபமா, சந்தோஷமா என்று அவள் அம்மாவுக்கே பிடிபடவில்லை.

2022ஆம் ஆண்டு தத்தெடுப்பு விதிமுறைகளின்படி, துணைவரின் முதல் கல்யாணத்துக் குழந்தையை முறைப்படி தத்தெடுக்க வழி உண்டு. பிரிந்துபோன அப்பா உயிரோடு இருந்தால் அவருடைய சம்மதமும் வேண்டும். அந்தச் சம்மதத்தைக் கேட்டு ஒருவன் இன்னொருவனின் வாசலில் போய் நிற்பதே ஒரு முழுப் படத்துக்குப் போதும். இறந்துபோன முதல் மனைவியின் படத்தைச் சுவரில் எங்கே மாட்டுவது, பழைய மாமியார் தீபாவளிக்குப் பேரனுக்கு மட்டும் துணி எடுத்துவந்தால் மற்றப் பிள்ளைகளுக்கு என்ன சொல்வது, பெற்ற பிள்ளையையும் வந்த பிள்ளையையும் ஒரே தட்டுத் தட்ட ஒரு சித்திக்கு எத்தனை வருஷம் ஆகும்? இளம் இயக்குநர்களே, கதாசிரியர்களே, இந்த வீடுகளுக்குள் வாருங்கள். அப்படிப்பட்ட கதைகளையும் திரைக்கதைகளையும் எங்களுக்கு அனுப்புங்கள். பக்கக் கணக்குப் பார்க்காமல் வெளியிடுவோம்.