பால் காய்ச்சிய ஓரை

போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை. மாதவரத்தில் எங்கள் தெருக்கோடியில் புதிதாக எழும்பியிருக்கும் அடுக்குமாடியில் ஒரு குடும்பத்தார் கிருகப்பிரவேசம் வைத்திருந்தார்கள். "ஆறு மணிக்கு மேல் ஏழு மணிக்குள் சுக்கிர ஓரை. அதற்குள் பால் காய்ச்சிவிடுவோம், வந்துவிடுங்கள்" என்று அழைத்திருந்தார்கள். நானும் விடியற்காலையில் குளித்து முழுகிப் போய்ச் சேர்ந்தேன்.

வாசலில் மாக்கோலம்; உள்ளே குத்துவிளக்கு; புது அடுப்புக்கு மஞ்சளும் குங்குமமும் வைத்து, பித்தளைப் பாத்திரத்தில் பால் தயார். வீடு வாங்கிய பிள்ளையைத்தான் காணோம்! துறைமுகத்தில் அவனுக்கு இராத்திரி வேலை. முடித்துக்கொண்டு வருகிற வழியில் கண்டெய்னர் லாரி வரிசையில் அகப்பட்டுக்கொண்டான். மணியோ ஆறே முக்கால்.

"ஓரை போய்விடும், அடுப்பைப் பற்றவை" என்கிறார் மாமா. "கடனை உடனை வாங்கி, கண் விழித்து உழைத்தவன் என் பிள்ளை. அவன் வராமல் இந்த வீட்டில் எந்தப் பாலும் பொங்க வேண்டாம்" என்கிறாள் பெற்றவள். தீப்பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு மருமகள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்க்கிறாள். கடைசியில் எல்லோரும் திரும்பிப் பார்த்தது எண்பது வயது ஆயாவைத்தான்.

ஆயா என்ன தீர்ப்புச் சொன்னாள் என்பதை முடிவில் சொல்கிறேன். அதற்கு முன், இத்தனை பேரையும் இந்தப் பாடு படுத்திய அந்த 'ஓரை' யார் வீட்டுப் பிள்ளை என்று பார்த்துவிடலாமா?

சொன்னால் ஆச்சரியப்படுவீர்கள். அது கிரேக்க வீட்டுப் பிள்ளை! நம் முன்னோர்கள் யவனர் என்று அழைத்தார்களே, அவர்களுடைய சொல். கிரேக்கத்தில் 'ஹோரா' என்றால் முதலில் பருவகாலம். பிற்பாடு பகலையும் இரவையும் பன்னிரண்டு பன்னிரண்டாகப் பங்கு போட்டபோது அந்த ஒரு பங்குக்கும் அதுவே பெயராயிற்று. அவர்கள் புராணத்தில் ஹோராக்கள் என்று பெண் தெய்வங்களே உண்டு. தேவலோகத்து வாசற்கதவைத் திறப்பதும் மூடுவதும் அந்தப் பெண்களின் பொறுப்பு! ஆங்கிலத்தில் 'அவர்' என்கிறோமே, அதுவும் இந்தச் சொல்லின் வழி வந்ததுதான். (சங்கப் பாட்டில் பெண்கள் விளையாடும் 'ஓரை' ஒன்று வருகிறது. அது வேறு, இதோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ளாதீர்கள்.)

யவனர்கள் நமக்குப் புதியவர்கள் அல்லர். பருவக்காற்றைப் பிடித்துக்கொண்டு எகிப்திலிருந்து மிளகு தேடி வந்தவர்கள். கி.பி. முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட ஒரு கடல்வழிக் கையேடு நம் கீழ்க்கரைத் துறைகளில் ஒன்றாகப் 'பொதுகே'யைக் குறிப்பிடுகிறது. புதுச்சேரிக்குப் பக்கத்தில் உள்ள அரிக்கமேடுதான் அது என்பது அறிஞர்களின் கருத்து. 1945-ல் மார்ட்டிமர் வீலர் அங்கே தோண்டியபோது மது வந்த ஜாடிகளின் ஓடுகள் கிடைத்தன. கிரேக்கத் தீவான கோஸிலிருந்து வந்த ஜாடிகளும் அரிக்கமேட்டு ஓடுகளில் உண்டு. நெடுநல்வாடையில் பாண்டியன் அரண்மனையில் எரிகிற பாவை விளக்கு யவனர் செய்து கொடுத்தது.

விளக்கையும் மதுவையும் கொண்டுவந்தவர்களிடமிருந்து வான சாஸ்திரமும் ஜோசியமும் வடக்கே சம்ஸ்கிருதத்துக்குப் போய்ச் சேர்ந்தன. 'யவன ஜாதகம்' என்றே ஒரு நூல் இருக்கிறது. ஆறாம் நூற்றாண்டில் வாழ்ந்த வராகமிகிரர், யவனர்கள் அந்நியரானாலும் இந்தச் சாஸ்திரத்தில் தேர்ந்தவர்கள், ரிஷிகளைப் போல் மதிக்கத் தக்கவர்கள் என்று மனம் திறந்து எழுதினார். "கேந்திரத்தில் குரு இருக்கிறார்" என்று ஜோசியர் சொன்னால் நாம் மகிழ்ந்துபோகிறோம் அல்லவா? அந்தக் 'கேந்திரம்' கிரேக்கரின் 'கென்ட்ரோன்'!

இனி ஒரு வேடிக்கைக் கணக்கு. விரல் விட்டு எண்ணிப் பாருங்கள்.

மெதுவாக நகரும் கிரகம் முதலாக வேகமாக நகருவது வரை கிரேக்கர்கள் ஒரு வரிசை வைத்தார்கள்: சனி, குரு, செவ்வாய், சூரியன், சுக்கிரன், புதன், சந்திரன். இந்த வரிசையில் ஓரைக்கு ஒரு கிரகம். ஏழும் முடிந்தால் மறுபடி முதலிலிருந்து. வெள்ளிக்கிழமை சூரிய உதயத்தில் சுக்கிர ஓரை. அடுத்தது புதன், அதற்கடுத்தது சந்திரன், பிறகு சனி. இப்படியே இருபத்துநான்கு ஓரையும் எண்ணி முடித்தால் மறுநாள் காலை முதல் ஓரை யாருக்கு வருகிறது? சனிக்கு! அதனால்தான் அது சனிக்கிழமை. சனியில் தொடங்கி எண்ணினால் சூரியன் வரும்: ஞாயிறு. ஞாயிறுக்குப் பின் திங்கள் ஏன், செவ்வாய் ஏன் என்று குழந்தைகள் கேட்டால் இனிமேல் விழிக்க வேண்டாம்.

ஆனால் இதைக் கேளுங்கள். இந்தக் கணக்கை உலகத்துக்குக் கொடுத்த கிரேக்கர்களே இன்று கிழமைகளைக் கிரகப் பெயரால் அழைப்பதில்லை! கிறிஸ்தவர்களான பிறகு திங்களை 'இரண்டாவது', செவ்வாயை 'மூன்றாவது' என்று எண் போட்டுச் சொல்லத் தொடங்கினார்கள், இன்றைக்கும் அப்படித்தான். தாய்வீட்டில் மறந்துபோன சீர்வரிசையைப் புகுந்த வீட்டில் பத்திரமாக வைத்திருக்கிறோம்.

அவர்களும் நம்மைப் போலச் செவ்வாய்க்கு அஞ்சுகிறவர்கள்தாம். நாம் "செவ்வாய் வெறுவாய்" என்று தள்ளுகிறோம். அவர்களுக்கு அந்தக் கிழமையில் ஆறாத புண் ஒன்று உண்டு. 1453-ம் வருஷம் மே 29, செவ்வாய்க்கிழமை, அவர்களுடைய மாநகரமான கான்ஸ்டாண்டிநோபிள் துருக்கியர் கையில் விழுந்தது. அதன்பின் 1821-ல் விடுதலைப் போர் தொடங்கும் வரை பெரும்பாலான கிரேக்கர்கள் துருக்கிய சுல்தானின் ஆட்சிக்குள்தான் இருந்தார்கள். திருஷ்டியும் அங்கே உண்டு. அழகான குழந்தையைப் புகழ்ந்துவிட்டு, கண் படாதிருக்க 'ஃப்தூ, ஃப்தூ' என்று துப்புவது போலப் பாவனை செய்கிறார்கள். நம் வீட்டுப் பாட்டிகள் பார்த்தால், "அட, நம்ம பிள்ளைகள்!" என்பார்கள்.

வாங்கினதைத் திருப்பிக் கொடுக்கவும் அவர்களில் ஒருவர் இருந்தார். ஆதென்ஸில் பிறந்த திமீத்ரியோஸ் கலானோஸ் 1786-ல் கல்கத்தாவுக்கு வந்தார். அங்கே குடியிருந்த கிரேக்க வியாபாரிகளின் குழந்தைகளுக்கு வாத்தியார் வேலை. பிறகு காசிக்குப் போய்ப் பண்டிதர்களிடம் சம்ஸ்கிருதம் கற்று, பகவத் கீதையைக் கிரேக்க மொழியில் ஆக்கினார். ஊர் திரும்பாமல் 1833-ல் காசியிலேயே கண்ணை மூடினார்.

அன்று போல இன்றும் கிரேக்கர்கள் கடலோடிகள்தாம். உலகத்துச் சரக்குக் கப்பல்களில் பெரும் பங்கு கிரேக்க முதலாளிகளுக்குச் சொந்தம். நம் சென்னைத் துறைமுகத்துக் கரையில் ஒரு கிரேக்க மாலுமி மணி கேட்டால், இன்றும் 'ஓரா' என்ற சொல்லைத்தான் சொல்வான். நாம் 'ஹ'வை விட்டுவிட்டு 'ஓரை' என்கிறோம்; பேச்சில் அவர்களும் அதை விட்டுவிட்டார்கள்!

சரி, ஆயாவிடம் போவோம். மாமா பஞ்சாங்கத்தைக் காட்டினார். மணி ஏழு அடித்தது. ஆயா கேட்டாள்: "சுக்கிரன் போனா அடுத்தது யாரு?"

"புதன்."

"புதன் ஓரையும் நல்ல ஓரைதானே? அவனும் போனா சந்திரன் வர்றான். சுக்கிரன் மறுபடி வருவான் கண்ணு, அவனுக்கு அதுதான் வேலை. இந்த வீட்டுக்கு இருக்கிறது ஒரே புள்ள. அவன் வரட்டும்."

ஏழு இருபதுக்கு வியர்த்து விறுவிறுக்கப் பிள்ளை வந்தான். மருமகள் அடுப்பைப் பற்றவைத்தாள். பால் நுரைத்து நான்கு பக்கமும் வழிந்தது. பெற்றவள் கண்களும் அப்படியே.

கடலில் போனவன் எப்போது கரை சேருவான் என்று அன்றைக்குக் கோஸ் தீவிலும் ஒரு தாய் காத்திருந்திருப்பாள். வீட்டு வாசலைத் திறந்து வைத்து நேரம் காக்கும் பெண்களுக்கு ஹோரா என்று பெயர் வைத்தவர்கள் அந்த ஜனங்கள். எண்ணுவதற்கு அவர்கள் கொடுத்த ஓரை நம்மிடம் இருக்கட்டும், நல்லதுதான். ஆனால் யாருக்காக எண்ணுகிறோம் என்பதையும் மறக்காமல் எண்ணுவோம், என்ன சொல்கிறீர்கள்?