வாட்டம் இல்லாத குளியலறை

எங்கள் வீட்டுப் புதுக் குளியலறையைப் பார்த்தவர்கள் எல்லோரும் "பிரமாதம் சார், ஸ்டார் ஹோட்டல் மாதிரி இருக்கு" என்றார்கள். வேலை முடிந்து நாற்பதாம் நாள் என் மனைவி அதில் வழுக்கி விழுந்தாள். இடது மணிக்கட்டு எலும்பு முறிவு, ஆறு வாரம் மாவுக்கட்டு. இடுப்பு தப்பியது ரங்கநாதர் புண்ணியம் என்று அக்கம்பக்கத்தில் சொன்னார்கள். காப்பாற்றியது அவராகவே இருக்கட்டும். விழ வைத்தது யார்? கடையில் நின்று அந்தக் கண்ணாடிப் பளபளப்பு டைல்ஸைத் தேர்ந்தெடுத்தவன் நான்தான். ஆகவே இந்தக் குற்றப்பத்திரிகையில் முதல் பெயர் என்னுடையது. அடுத்து வருகிறவர்களும் கோபிக்கக் கூடாது.

ஷவர் மூலைக்கு இரண்டடிக்கு இரண்டடி டைல்ஸ் போட முடிவானபோது, "தண்ணி நிக்காம நல்லா வாட்டம் குடுங்க தம்பி" என்று டைல்ஸ் ஒட்டுகிறவரிடம் சொன்னேன். அவர் உண்மையைத்தான் சொன்னார்: "சார், பெரிய டைல்ஸுல வாட்டம் வேணும்னா குறுக்கே வெட்டித்தான் ஒட்டணும். கட்டிங் தெரியும், லுக் போயிடும்." லுக் போய்விடுமாம்! முப்பத்தைந்து வருஷம் அரசாங்கக் கோப்புகளில் குறிப்பு எழுதியவன், அந்த ஒரு வார்த்தைக்குத் தலையாட்டிவிட்டேன். விளைவு, குளித்த தண்ணீர் ஓட்டைக்குப் போகாமல் மூலையில் தேங்கியது. தேங்கிய நீர், சோப்பு நுரை, பளபளப்பு மூன்றும் சேர்ந்தால் எழுபது வயதுக் கால் என்ன செய்யும்?

வாட்டம் என்பது பெரிய வித்தை இல்லை. ஓர் அடிக்குக் கால் அங்குலம் இறக்கம். நாலடி ஷவருக்குச் சுவரோரத்திலிருந்து ஓட்டை வரை ஓர் அங்குலம், அவ்வளவுதான். ஆனால் நாலு பக்கமிருந்தும் ஒரே புள்ளிக்குச் சரிய வேண்டும். சின்ன டைல்ஸ் அதற்கு இசைந்து கொடுக்கும். பெரிய பலகை வளையாது.

நான் காரைக்காலில் பிரெஞ்சு வழியில் படித்தவன். ஷவருக்கு அங்கே 'தூஷ்' என்று பெயர். நீர் ஓடும் குழாயைக் குறிக்கும் இத்தாலியச் சொல் ஒன்றிலிருந்து வந்தது. தண்ணீர் போகும் வழிதான் அந்தப் பெயருக்கே வேர். நாமோ தண்ணீர் வரும் வழிக்குப் பல ஆயிரம் செலவழிக்கிறோம். போகும் வழிக்கு ஒரு ஜாலி மூடியோடு சரி.

இதைச் சொல்ல இத்தாலி வரை போவானேன்? நம் ஊர்க் கோயிலையே பாருங்கள். 2017-இல் ஸ்ரீரங்கம் கோயில் புனரமைப்புக்கு யுனெஸ்கோவின் ஆசிய-பசிபிக் விருது கிடைத்தது. பழைய மழைநீர் வடிகால் அமைப்பை மீட்டெடுத்ததும் அதற்குச் சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. அத்தனை பிராகாரங்களுக்கும் தண்ணீர் போகிற வழியை யோசித்து வைத்தார்கள் முன்னோர்கள். அந்த மதில்களின் நிழலில் குடியிருக்கும் நமக்கு ஆறடிக்கு நாலடி அறையில் வழி தெரியவில்லை. பழைய வீட்டுக் கிணற்றடியில் கொத்திய கல் இருந்தது. வாழை மரத்தை நோக்கி வாட்டம் இருந்தது. அம்மா மண்டபம் படித்துறையில் ஈரக் காலோடு இறங்கும் பாட்டிகளுக்குக் கல்லின் சொரசொரப்பே துணை. அதையெல்லாம் அழகில்லை என்று தள்ளிவிட்டோம்.

இன்னொரு மூடநம்பிக்கை, டைல்ஸ் ஒட்டிவிட்டால் தண்ணீர் இறங்காது என்பது. டைல்ஸ் தடுக்கும், இணைப்பு தடுக்காது. இணைப்பு வழியாக நீர் கீழே போகத்தான் செய்யும். அதைத் தடுக்க வேண்டியது அடியில் பூசும் நீர்த்தடுப்புப் பூச்சு. பூசிக் காய்ந்ததும் ஓட்டையை அடைத்துத் தண்ணீர் கட்டி 24 மணி நேரம் வைக்க வேண்டும். கீழ்வீட்டுக் கூரை நனையவில்லை என்று பார்த்த பிறகே டைல்ஸ். எங்கள் வீட்டில் அந்த ஒரு நாளை மிச்சம் பிடித்தோம். கீழ்வீட்டுக்காரர் மூன்றாம் மாதம் மாடியேறி வந்தார்.

சுவரிலும் இதே கதை. விட்ரிஃபைடு டைல்ஸ் நீரை உறிஞ்சாது, ஆகவே வெறும் சிமெண்ட் பால் அதைச் சரியாகப் பிடிக்காது. அதற்கென்று ஒட்டும் பசை உண்டு. அதையும் முழுப் பரப்பிலும் தடவாமல் ஐந்து உருண்டை வைத்து அப்பினால் உள்ளே பொந்துதான். ஒரு ரூபாய்க் காசால் தட்டிப் பாருங்கள், 'டொக்' என்று சத்தமே காட்டிக்கொடுக்கும்.

தொழிலாளியை மட்டும் திட்டுவது நியாயமில்லை. சதுர அடிக்கு இவ்வளவு என்று கூலி பேசி, அதிலும் ஐந்து ரூபாய் குறைப்பவர்கள் நாம். வாட்டம் பிடிக்கவும் பசை முழுக்கத் தடவவும் ஆகும் நேரத்துக்கு யார் கொடுக்கிறோம்?

"வயசானவங்க பார்த்து நடக்கணும் சார்" என்றார் ஒரு நண்பர். முகத்தில் சோப்போடு கண்ணை மூடி நிற்கிறவள் எதைப் பார்த்து நடப்பாள்? விழுந்தவள் மேலேயே பழியைப் போடுவது நமக்கு எவ்வளவு சௌகரியமாக இருக்கிறது!

உண்மையைச் சொல்கிறேன். இந்த அறைகளை நாம் நமக்காகக் கட்டுவதில்லை. வருஷத்தில் பத்து நாள் வெளிநாட்டிலிருந்து வரும் பிள்ளைகள் முகம் சுளிக்கக் கூடாதே என்று கட்டுகிறோம். மீதி முந்நூற்று ஐம்பத்தைந்து நாளும் அதில் குளிப்பது மூட்டுவலிக்காரர்கள்.

இரண்டாம் முறை உடைத்தோம். நீர்த்தடுப்பு பூசி, தண்ணீர் கட்டிப் பார்த்து, சின்ன சொரசொர டைல்ஸ் ஒட்டி, சுவரில் கைப்பிடிக் கம்பி பொருத்தினோம். டைல்ஸ் வாங்கும்போது வழுக்கு எதிர்ப்புத் தரம் கேளுங்கள். வெறுங்காலுக்கான ஜெர்மானிய அளவில் ஏ, பி, சி என்று உண்டு. ஷவருக்குக் குறைந்தது பி வேண்டும். கடைக்காரர் விழித்தால் ஒரு டைல்ஸை நனைத்துச் சோப்புத் தடவி விரலால் தேய்த்துப் பாருங்கள், ஓரளவு தெரிந்துவிடும்.

இப்போது வருகிறவர்கள் "என்ன சார், பழைய மாதிரி இருக்கே" என்கிறார்கள். இருக்கட்டும். என் மனைவி சுவரைப் பிடிக்காமல் குளிக்கப் போகிறாள்.

கடைசித் தவணைக் கூலி கொடுக்கும் முன் ஒரு சொம்பு தண்ணீரை ஓட்டைக்குத் தூரமான மூலையில் ஊற்றுங்கள். அது தானாக ஓட்டையைத் தேடிப் போனால் பணத்தைக் கொடுங்கள். தேங்கி நின்றால் அன்றைக்கே உடைத்துவிடுங்கள், எலும்பு உடைவதற்கு முன்.